சாமிக்கு எடுத்த அளவு

அவர் போன நேரத்தில் தையல்காரம்மா ஒரு வெள்ளைக் கோட்டுக்குக் கை மூட்டிக்கொண்டிருந்தாள். ஆஸ்பத்திரி நர்ஸ் ஒருத்தியின் கோட்டு. சாயங்காலம் வாங்க வருவதாகச் சொல்லியிருந்தாள். முன்னறைக் கட்டிலிலிருந்து விடிந்ததிலிருந்து வந்துகொண்டிருந்த மூச்சின் கரகரப்பு நின்றது அவள் காதில் விழத்தான் செய்தது. மிதியிலிருந்து காலை எடுக்கவில்லை. பாதியில் நிறுத்தினால் கை சுருங்கிப்போகும். மூட்டி முடித்து, நூலை அறுத்து, கோட்டை உதறி மடித்து வைத்துவிட்டுத்தான் எழுந்து போனாள்.

"என்னங்க," என்றாள். கண் பாதி திறந்திருந்தது. மூடிவிட்டாள். கட்டில் ஓரத்தில் உட்கார்ந்து, அழுகை வருகிறதா என்று பார்த்தாள். வரவில்லை. அடுப்பில் பால் வைத்தது ஞாபகம் வந்தது. போய் அணைத்தாள்.

மருமகள் பின்பக்கம் துணி அலசிக்கொண்டிருந்தாள்.

"இங்க வா. உங்க மாமா போயிட்டார்."

"எங்க போனாரு?" என்றாள் மருமகள், பிழிந்த துணியைக் கையில் வைத்துக்கொண்டு. ஆறு மாசமாகப் படுத்த படுக்கையாகக் கிடந்த மனுஷர் எங்கே போவார்? கேட்டபிறகுதான் அவளுக்கே உறைத்தது. துணியை வாளியில் போட்டுவிட்டு ஓடினாள். அவள் போட்ட சத்தத்தில் தெரு கூடிவிட்டது. மருமகள் மாரில் அடித்துக்கொண்டு அழுகிறாள், பெண்டாட்டி சிதறிக் கிடந்த பொத்தான்களைப் பொறுக்கி டப்பாவில் போட்டுக்கொண்டிருக்கிறாள். வந்தவர்கள் ஒருவர் முகத்தை ஒருவர் பார்த்துக்கொண்டார்கள்.

டெய்லரம்மா வீட்டுக்காரர் செத்துவிட்டார் என்று தெருவில் யாரும் சொல்லவில்லை. "சாமி மறைஞ்சிட்டார்" என்றுதான் சொன்னார்கள். அப்படிச் சொல்ல அவர்களுக்குக் காரணம் இருந்தது.

பல நூறு வருஷத்துக்கு முன்னால் பெரிய வியாபாரியாக இருந்து, ஒருநாள் கடை, வீடு, பெண்டாட்டி என்று எல்லாவற்றையும் போட்டது போட்டபடி விட்டுவிட்டுத் தெருவில் இறங்கிப் பாடிக்கொண்டே போன ஒரு அடியார். அவர் பாட்டு இல்லாத பூசையறை கிடையாது. ஆனால் அவர் முகம் எப்படி இருந்தது என்று ஒருவருக்கும் தெரியாது. கோயில்களில் இருந்த சிலைகளெல்லாம் எண்ணெய் பட்டுப் பட்டு மூக்கும் முழியும் மழுங்கிப்போனவை. சினிமா பேச ஆரம்பித்த புதிதில் ஒரு கம்பெனிக்காரன் அடியார் கதையைப் படமாக எடுத்தான். நல்ல சாரீரம் இருக்கிறது என்று மளிகைக்கடையில் பொட்டலம் கட்டிக்கொண்டிருந்த ஒரு இளைஞனைக் கூட்டிவந்து நடிக்க வைத்தான். அந்த இளைஞன்தான் இப்போது கட்டிலில் கிடந்தவர்.

படம் ஓடோ ஓடு என்று ஓடியது. ஜனங்கள் செருப்பைக் கொட்டகைக்கு வெளியே கழற்றிப் போட்டுவிட்டுப் போய் உட்கார்ந்தார்கள். திரைக்கு முன்னால் சூடம் கொளுத்தினார்கள். காலண்டர்காரர்கள் அந்த முகத்தை எடுத்து அச்சடித்தார்கள். காலண்டரைப் பார்த்துச் சிற்பிகள் புதுச் சிலை செய்தார்கள். சின்ன வயசில் தண்ணீர்க் குழாயில் மோதி, நடித்தவர் வலது புருவத்தில் ஒரு வெட்டு உண்டு. சிலைகளுக்கும் அந்த வெட்டு வந்துவிட்டது. உலகம் அடியாரைக் கல்லால் அடித்த தழும்பு அது என்று சொற்பொழிவுக்காரர்கள் உருக உருகச் சொன்னார்கள். கேட்டவர்கள் கண்ணைத் துடைத்துக்கொண்டார்கள். குழாய்க் கதையை அவர் சொல்லித் தையல்காரம்மாவுக்குத் தெரியும். ஆனால் அவளிடம் யார் கேட்டார்கள்?

மகன் பஸ் டிரைவர். டெப்போவுக்குப் போன் போனதும் வண்டியை வேறு ஆளிடம் விட்டுவிட்டுக் காக்கிச் சட்டையோடு வந்தான். அவன் ஓட்டுகிற பஸ்ஸிலும் கண்ணாடிக்கு மேலே அடியார் படம் உண்டு. பிரேக்கை அழுத்திப் போட்டால், "சாமி படத்தை மாட்டிக்கிட்டு இப்படியா ஓட்டுவே?" என்று பயணிகள் திட்டுவார்கள். அது எங்க அப்பா என்று அவன் ஒருநாளும் சொன்னதில்லை. சொன்னால் சிரிப்பார்கள், அல்லது காலில் விழுவார்கள். இரண்டுமே டிரைவர் வேலைக்கு உதவாது.

வந்தவன் அப்பா காலைப் பிடித்துக்கொண்டு கொஞ்ச நேரம் அழுதான். அப்புறம் மூக்கை உறிஞ்சிக்கொண்டு அம்மாவிடம் வந்தான்.

"அம்மா, மருந்துக்கடைக்காரர் வர்றார். மன்றத்து மண்டபத்துல கேட்டாங்களாம்."

"என்ன கேட்டாங்களாம்?"

"அவரே சொல்லுவாரு. நீ கோபப்படாம கேளு."

"எனக்கு என்ன கோபம்? கஞ்சி குடிச்சியா காலைல?"

மருந்துக்கடைக்காரர் அடியார் மன்றத்தின் செயலாளர். நல்ல மனுஷர். இந்த ஆறு மாசமும் மாத்திரையை வீடு தேடி வந்து கொடுத்துவிட்டுப் போனவர். உள்ளே வரும்போதே செருப்பை வாசலுக்கு அப்பால் விட்டார். கட்டிலுக்கு முன்னால் நெடுஞ்சாண்கிடையாக விழுந்து எழுந்தார். அவர் கக்கத்தில் ஒரு பொட்டலம் இருந்தது.

"அம்மா, உங்களுக்கு ஆறுதல் சொல்ற தகுதி எனக்கு இல்ல."

"உக்காருங்க. டீ போடச் சொல்றேன்."

"ஐயோ, இப்ப எதுக்கும்மா டீ?"

"வந்தவங்களுக்குக் குடுக்கணும்ல."

அவர் பொட்டலத்தைப் பிரித்தார். புது மல்துணி, பளிச்சென்ற காவி. தையல்காரம்மாவின் விரல்கள் தாமாகவே அதன் ஓரத்தை நிமிண்டிப் பார்த்தன. இழை நெருக்கமான நல்ல சரக்கு.

"மதியத்துக்கு மேல வண்டி வருது. சாமியை மண்டபத்துக்குக் கொண்டுபோயி, இந்த அங்கியைச் சாத்தி, மணிமாலை போட்டு உக்கார வச்சா, ஜனங்க கடைசியா ஒரு தரம் கும்பிட்டுக்குவாங்க. பக்கத்து ஊர்லருந்தெல்லாம் கிளம்பிட்டாங்கம்மா. அங்கியை நீங்களே உங்க கையால தைச்சுக் குடுத்தா..."

அவர் முடிக்கவில்லை. அவள் துணியை அளந்துகொண்டிருந்தாள். மூக்கு நுனியிலிருந்து கை நுனிவரை ஒரு கெஜம்.

"அதிகமாவே எடுத்திருக்கீங்க," என்றாள்.

துணியை மடியில் வைத்துக்கொண்டு உட்கார்ந்திருந்தவளுக்குப் பழைய கம்பெனிக் கொட்டகை ஞாபகத்துக்கு வந்தது. கூரையில்லாத கொட்டகை. வெயில்தான் விளக்கு. தகரம் அடித்த பலகைகளை ஆட்கள் பிடித்துக்கொண்டு வெயிலை நடிகர்கள் முகத்தில் திருப்பி அடிப்பார்கள். ஆர்மோனியக்காரர் அட்டைப் பாறைக்குப் பின்னால் குந்தியிருப்பார். அவள் அப்போது கல்யாணமாகாதவள். தையல் பகுதியில் மூன்றாவது மெஷின்.

கதைப்படி அடியார் கோவணத்தோடு போனவர். கோவணம் கட்ட மளிகைக்கடை இளைஞனுக்கு வெட்கம். பெண்கள் கொட்டகைக்கு வரமாட்டார்களோ என்று முதலாளிக்குப் பயம். ஆகவே அடியாருக்கு ஒரு அங்கி வந்தது. அடியார் அங்கி போட்டவர் என்று எந்தப் பாட்டும் சொல்லவில்லை. மூன்றாவது மெஷின்தான் சொன்னது.

முதலில் காவியில்தான் தைத்தாள். ஒரு துண்டுப் படம் எடுத்துத் திரையில் போட்டுப் பார்த்தார்கள். அந்தக் காலத்துப் பிலிமுக்குக் காவி பிடிக்காது. திரையில் அடியார் கன்னங்கரேலென்று ரயில் கார்டு கோட்டு மாட்டியவர் மாதிரி நின்றார். முதலாளி தலையில் கைவைத்துக்கொண்டார். கேமராக்காரர் சுற்றுமுற்றும் பார்த்து, ஆபீஸ் ஜன்னலில் தொங்கிய வெளிர்நீலத் திரைச்சீலையைக் காட்டி, "அதைக் கழட்டுங்க" என்றார். அன்று மத்தியானமே அதை வெட்டித் தைத்தாள். அது திரையில் பால் வெள்ளையாக, ஒளியாக விழுந்தது. ஜனங்கள் கையெடுத்துக் கும்பிட்டது ஆபீஸ் ஜன்னல் சீலையைத்தான். காவி பூசியது பின்னால் வந்த காலண்டர்காரன்.

அந்த அங்கிக்கு அளவு எடுத்தபோதுதான் அவரை முதன்முதலாகக் கிட்டத்தில் பார்த்தாள். மார்பைச் சுற்றி டேப்பைப் போட்டதும் வயிற்றை எக்கிக்கொண்டு விறைப்பாக நின்றார்.

"மூச்சை விடுங்க," என்றாள்.

"அடியாருக்கு ஏதும்மா தொப்பை?"

"அடியாருக்கு இல்ல, உங்களுக்கு இருக்கு. மூச்சை விடுங்க, நிஜ அளவு வரட்டும்."

அவர் சிரித்துவிட்டார். சிரிப்பில் மூச்சு வெளியே வந்தது, தொப்பையும் வந்தது. அடுத்த வருஷம் கல்யாணம். அதற்கப்புறம் எத்தனையோ சட்டை தைத்தாயிற்று. ஒவ்வொரு தடவையும் அவர் எக்குவார், அவள் சொல்வாள், அவர் சிரிப்பார்.

அது வீட்டுக்குள். வெளியே அவர் சிரிக்க முடியாமல் போய்விட்டது. அடியார் சிரிப்பாரா? டீக்கடையில் நின்று டீ குடித்தால் நாலு பேர் எழுந்து நின்றார்கள். வேறு வேஷம் எதற்கும் கம்பெனிகள் கூப்பிடவில்லை. அடியாரைத் திருடனாகக் காட்டினால் கொட்டகையைக் கொளுத்திவிடுவார்கள் என்றார்கள். மன்றத்து மேடைகளில் பாடப் போனார். குடும்பத்தை நடத்தியது மெஷின். ஒருநாள் மன்றத்துப் பெண் ஒருத்தி அவளைத் தனியாகக் கூப்பிட்டு, "சாமிகூட எப்படிம்மா குடும்பம் நடத்துறே? அவரு பொண்டாட்டியை விட்டுட்டுப் போனவராச்சே" என்று கேட்டாள். வீட்டுக்கு வந்து அவரிடம் சொன்னாள். முதலில் வாய்விட்டுச் சிரித்தார். அப்புறம் யோசித்தார். அன்றைக்கே தன் கட்டிலை முன்னறைக்குத் தள்ளிக்கொண்டு போய்விட்டார். "ஜனங்க நம்புறாங்க. நாம எதுக்குக் கெடுக்கணும்?" என்றார்.

ஒரே வீடு. நடுவில் ஒரு கதவு. அன்றைக்கு அவளுக்குள் ஏதோ மரத்துப்போனது. பிறகு அது சரியாகவே இல்லை. அவள் அதற்காகச் சண்டை போட்டதும் இல்லை. தெருவில் அவருக்குப் பின்னால் தள்ளி நடக்கப் பழகிக்கொண்டாள். மூன்று வேளையும் சாப்பாடு போட்டாள்.

ஆனாலும் சாயங்காலங்கள் இருந்தன. வாசல் கதவைத் தாழ் போட்டதும், மேடைக்குப் போட்டுக்கொண்டு போகும் காவி அங்கியைக் கழற்றி ஆணியில் மாட்டிவிட்டுச் சிவப்புக் கட்டம் போட்ட ஒரு சட்டையைப் போட்டுக்கொள்வார். அவரே வெட்டி, அவரே காஜா எடுத்த சட்டை. மெஷின் பக்கத்தில் தரையில் உட்கார்ந்து வாடிக்கைச் சட்டைகளுக்கு ஒவ்வொரு பொத்தான் துளையாகக் காஜா எடுத்துத் தருவார். வாய் எதையாவது டப்பாங்குத்து மெட்டில் முணுமுணுக்கும். ஊரில் பாதிப் பேர் சட்டையில் சாமி எடுத்த காஜா இருந்தது. யாருக்கும் தெரியாது. அந்தச் சட்டையோடு அவர் ஒருநாள்கூட வாசல் தாண்டவில்லை.

"அம்மா," என்றான் மகன். "என்ன யோசிக்கிறே? நேரமாகுது."

"தைக்கலை," என்றாள்.

மருந்துக்கடைக்காரர் தலையாட்டினார். "வேணாம்மா. உங்க மனசு புரியுது. கடைத்தெரு டெய்லர்கிட்ட குடுத்துடறேன்."

"அதில்ல. அவரு மண்டபத்துக்கு வரலை."

மகன் குரலை உயர்த்தினான். "என்னம்மா பேசுறே? அங்க வச்சா ஊரே வரும். இங்க வச்சா யாரு வருவா?"

"நான் இருக்கேன்."

"அப்பாவுக்கு வாழ்க்கையில கிடைச்சதே அந்த ஒரு மரியாதைதாம்மா. வேற என்ன கிடைச்சுச்சு? அதையும் கடைசி நேரத்துல பிடுங்குறியே!"

மருமகள் டீத் தட்டோடு வந்தாள். அழுது முகம் வீங்கியிருந்தது. "நீங்க கொஞ்சம் வாயை மூடுங்க," என்றாள் புருஷனிடம். "அத்தையோட வீட்டுக்காரரு. அத்தைதான் சொல்லணும்."

தையல்காரம்மா எழுந்து உள்ளே போனாள். அவள் கட்டிலுக்கு அடியில் தகரப் பெட்டி. பழைய பாவாடைத் துணிகளுக்கு அடியிலிருந்து ஒரு அங்கியை எடுத்துவந்து மருந்துக்கடைக்காரர் முன்னால் பிரித்துப் போட்டாள்.

"இது யாரோடதும்மா?"

"சாமியோடது. படத்துல போட்டது."

அவர் பார்த்தார். தொடவில்லை. "நீலமா இருக்கே."

"நீலம்தான்."

திரைச்சீலைக் கதையைச் சொன்னாள். நாலு வார்த்தையில் சொல்லி முடித்துவிட்டாள். மகன் வாயைப் பிளந்துகொண்டு நின்றான். அவனுக்கும் இது தெரியாது. மருந்துக்கடைக்காரர் கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார். அங்கியின் கழுத்துப் பட்டியைத் திருப்பிப் பார்த்தார். அரிதாரக் கறை மஞ்சளாகக் கட்டிப்போயிருந்தது.

"நம்பாம இல்லம்மா," என்றார் கடைசியில். "நீங்க எதுக்குப் பொய் சொல்லப் போறீங்க? ஆனா என் அம்மா கண்ணை மூடுற வரைக்கும் காவியைத்தான் கும்பிட்டாங்க. நானும் அப்படித்தான். அங்க வர்ற ஜனங்ககிட்ட நான் போயி நீலம்னு சொல்லட்டுமா?"

"சொல்ல வேணாம்."

"அப்புறம்?"

"இதை எடுத்துட்டுப் போங்க. மண்டபத்துல கண்ணாடிப் பெட்டியில வைங்க. ஜனங்க கும்பிடட்டும். அவங்க கும்பிட்டது இதைத்தான், இவரை இல்ல." கட்டில் பக்கம் கையைக் காட்டினாள். "சாமியைக் கொண்டுபோங்க. இவரை விட்டுடுங்க."

தெருவில் ஒரு சைக்கிள் மணி அடித்துக்கொண்டு போனது. மருந்துக்கடைக்காரர் கட்டிலையும் அங்கியையும் மாறி மாறிப் பார்த்தார். எதைப் பார்த்துக் கைகூப்புவது என்று அவருக்குப் பிடிபடவில்லை. கடைசியில் அங்கியை மடித்து இரண்டு கையிலும் ஏந்திக்கொண்டார்.

"தப்பா நினைக்காதீங்கம்மா. இதைக் காவியில முக்கலாமா?"

மருமகள் "ஐயோ" என்றாள். தையல்காரம்மாவுக்கு ஒன்றும் தோன்றவில்லை.

"நீலத்து மேல காவி ஏறாது. சேறு மாதிரி ஆயிடும். முதல்ல வெளுக்கணும். பாதிச் சாயம் போயிடுச்சு, ரெண்டு வெளுப்புப் போதும். அப்புறம் உப்புப் போட்டுக் கொதிக்க வச்சு முக்கச் சொல்லுங்க. நிழல்ல காயப்போடணும்."

"உங்களுக்கு வருத்தம் இல்லையே?"

"அது சாமியோடது. உங்க இஷ்டம்."

அவர் போகும்போது காவித் துணியையும் எடுத்துக்கொண்டார். வாசலில் நின்றிருந்த கூட்டம் அவர் கையில் இருந்ததைப் பார்த்துவிட்டு, என்னவென்று தெரியாமலே வழிவிட்டது. சிலர் கன்னத்தில் போட்டுக்கொண்டார்கள். கூட்டத்தில் முக்கால்வாசி அவர் பின்னாலேயே மண்டபத்துக்குப் போய்விட்டது. தெரு காலியானது.

"பாத்தியாம்மா," என்றான் மகன். "சொன்னேன்ல. யாரும் இல்ல."

"கதவைச் சாத்து."

"சாவு வீட்டுல கதவைச் சாத்துவாங்களா?"

"சாத்துடா. தாழ் போடு."

அவன் போட்டான். அவள் ஆணியிலிருந்து சிவப்புக் கட்டச் சட்டையை எடுத்தாள். இரண்டு பேருமாக அவரைத் தூக்கிப் பிடிக்க, மருமகள் கைகளை நுழைத்தாள். சட்டைக்குள் அவர் இருந்தாரா இல்லையா என்றே தெரியவில்லை. ஆறு மாசத்தில் உடம்பு அவ்வளவு வற்றியிருந்தது. தோள் தையல் முழங்கைக்குப் பக்கத்தில் கிடந்தது.

"பின்பக்கம் மடிச்சுச் சொருகிவிட்டா போதும் அத்தை," என்றாள் மருமகள். "யாரு பாக்கப் போறாங்க?"

"தொளதொளன்னு போட்டா அவருக்குப் பிடிக்காது. கழட்டு. ரெண்டு பக்கமும் பிடிச்சுத் தைச்சுத் தர்றேன்."

"இப்பவா?"

"எவ்வளவு நேரம் ஆயிடப்போகுது? நீ அவரு தலைமாட்டுல நின்னு கொஞ்சம் தூக்கிப் பிடிடா."

மகன் முதுகுக்குக் கீழே கைகொடுத்து அப்பாவை நிமிர்த்திப் பிடித்தான். அவனுக்கு மறுபடியும் அழுகை வந்துவிட்டது. தையல்காரம்மா கழுத்தில் தொங்கிய டேப்பை எடுத்தாள். காது மடலில் சாக்கட்டியைச் செருகிக்கொண்டாள். தோளை அளந்தாள். கையை அளந்தாள். மருமகளிடம் அளவைச் சொன்னாள், மருமகள் முணுமுணுத்து மனசில் வைத்துக்கொண்டாள். எல்லாம் ஒரு வாடிக்கைக்காரருக்குச் செய்கிற மாதிரி நடந்தது.

டேப்பை அவர் மார்பைச் சுற்றிக் கொண்டுவந்து முன்னால் சேர்த்தாள். வயிறு உள்ளே ஒட்டிக் கிடந்தது. விலா எலும்பு தெரிந்தது. பழையபடி அவர் எக்கிக்கொண்டிருக்கிற மாதிரியே இருந்தது. அவளுக்கு எரிச்சல் வந்தது. எத்தனை தடவை சொல்வது இந்த மனுஷருக்கு.

"மூச்சை விடுங்க," என்றாள். "நிஜ அளவு வரட்டும்."

டேப்பின் இரண்டு முனைகளையும் விரலில் பிடித்தபடி அவர் சிரிப்பதற்காகக் காத்துக்கொண்டிருந்தாள்.